வாங்கிவந்த உணவைப் பந்தியில் வைக்கலாமா?

இராமநாதபுரம் மாவட்டக் கடலோரத்தில் உள்ள மண்டபம் முகாமுக்குப் பணிமாற்றலாகி வந்திருக்கும் ஒரு சகோதரி கேட்டிருக்கிறார். அவர் வங்கியில் வேலை பார்க்கிறார். வீடு திரும்ப மாலை ஆறரை ஆகிவிடுகிறது. அவர்கள் குடியிருப்பில் மாதம் ஒரு சனிக்கிழமை இரவு, வீட்டுக்கு ஓர் உணவாகக் கொண்டுவந்து எல்லோரும் சேர்ந்து உண்கிறார்கள். 'பாட்லக்' என்று இப்போது சொல்கிறார்களே, அதுதான். சென்ற மாதம் இவர் கடையில் புரோட்டா வாங்கிச் சென்றபோது, மூத்த பெண்மணி ஒருவர், "கடையில வாங்கிக் கொண்டாந்து வைக்கிறதுக்கு எதுக்கும்மா இந்த விருந்து?" என்று எல்லோர் முன்னிலையிலும் கேட்டுவிட்டாராம். வாங்கிக்கொண்டு போவது மரியாதைக் குறைவா, இனி என்ன செய்வது என்பது அவருடைய கேள்வி.

நான் மனையியல் ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். கீழக்கரைப் பக்கத்தில் நாங்கள் குடியிருக்கும் தெருவில் இருபது ஆண்டுகளுக்கு மேலாக இத்தகைய கூட்டு விருந்தை ஒழுங்கு செய்துவருகிறேன். ஆகையால் பட்டறிந்ததை வைத்தே சொல்கிறேன்: தாராளமாக வாங்கிக்கொண்டு போகலாம். ஆனால் ஒன்றை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். வீட்டில் சமைத்துக் கொண்டுவருபவரிடம் 'இதில் என்ன போட்டீர்கள், எப்போது இறக்கினீர்கள்' என்று யார் கேட்டாலும் உடனே பதில் வரும். வாங்கி வருபவரிடமும் அந்தப் பதில் இருக்க வேண்டும். கை நம்முடையதாக இல்லாமல் போகலாம், பொறுப்பு நம்முடையதுதான்.

வாங்கிய உணவு தாழ்ந்தது என்ற எண்ணம் நம் கரைக்கு உரியதே அன்று. கீழக்கரை, தொண்டி, பெரியபட்டினம் ஊர்களின் கல்யாண வீடுகளில் நெய்ச்சோறும் பிரியாணியும் வீட்டார் ஆக்குவதில்லை, விருந்துக்குச் சமைப்பதையே தொழிலாகக் கொண்ட பண்டாரிதான் ஆக்குகிறார். எந்தப் பண்டாரி வந்தார் என்பதைச் சொல்லிக்கொள்வதில் வீட்டாருக்குப் பெருமை. சகன் என்னும் ஒரே பெரிய தட்டைச் சுற்றி அமர்ந்து உண்ணும் உறவினரில் ஒருவர்கூட 'வீட்டில் ஆக்கவில்லையா' என்று கேட்டு நான் பார்த்ததில்லை. சிறுவயதில் நாம் எல்லோரும் ஆடிய கூட்டாஞ்சோற்றை நினைத்துப் பாருங்கள். ஒருவர் அரிசி, ஒருவர் பருப்பு, ஒருவர் கத்திரிக்காய், ஒன்றும் கொண்டுவர இயலாதவர் சுள்ளி பொறுக்கி வருவார். அரிசி வயலிலிருந்து வந்ததா, கடையிலிருந்து வந்ததா என்பது எவருக்கும் பொருட்டாக இருந்ததில்லை.

தொதல் என்னும் இனிப்பை எடுத்துக்கொள்ளுங்கள். வெளியூர்க்காரர்கள் கீழக்கரை என்றதும் முதலில் கேட்பது அதைத்தான். அரிசிமாவு, தேங்காய்ப்பால், கருப்பட்டி என்று பொருள் மூன்றே ஆனாலும், அகன்ற பாத்திரத்தில் அடி பிடிக்காமல் மணிக்கணக்கில் கிளறிக்கொண்டே இருக்க வேண்டும். முதலில் கூழாக இருக்கும், பிறகு இறுகும், கடைசியில் தேங்காயின் எண்ணெய் ஓரங்களில் கசிந்து, கலவை பாத்திரத்தை விட்டுச் சுருண்டு வரும்போது இறக்க வேண்டும். அந்தக் கட்டத்தில் கரண்டியைத் தள்ளுவதற்கே தோளில் வலு வேண்டும். ஆகவேதான் தெருவுக்கு ஓரிருவர் அதைச் செய்ய, மற்றவர்கள் சொல்லிவைத்து வாங்குகிறார்கள். சம்பந்தி வீட்டுக்கு அனுப்பும் தொதல்கூட அப்படி வாங்கியதாக இருக்கும். அதனால் அதன் மதிப்பு ஒரு துளியும் குறைந்ததில்லை.

இந்தத் தொதலை வைத்துத்தான் நானும் ஒரு தவறு செய்தேன். வேலையில் இருந்த காலத்தில் ஒரு விருந்துக்கு, சொல்லிவைத்து வாங்கிய தொதலை என் வீட்டுப் பித்தளைத் தட்டுக்கு மாற்றி, துண்டு போட்டு, மேலே முந்திரி பதித்து எடுத்துச் சென்றேன். ஏமாற்ற வேண்டும் என்று மாற்றவில்லை; பார்வையாக இருக்கட்டும் என்றே மாற்றினேன். ஆனால் ஒரு பெண் வாயில் போட்டுக்கொண்டு, "டீச்சர், உங்க கைப்பக்குவம் யாருக்கு வரும்!" என்றபோது நான் மறுக்கவில்லை, சிரித்துவிட்டு இருந்துவிட்டேன். அதைக் கிளறிக் கொடுத்தவர் என் வீட்டிலிருந்து மூன்றாவது தெருவில், புகையில் கண் எரிய நின்று பிழைப்பு நடத்தும் ஒரு விதவைத் தாய். அன்று நான் அவருடைய பெயரைச் சொல்லியிருந்தால் அந்தக் கூட்டத்திலிருந்தே நாலைந்து வீடுகள் அவரிடம் சொல்லிவைத்திருக்கும். என் மௌனத்தால் இழந்தவர் அவர்தான். அது முதல் நான் வாங்கிச் செல்லும் எதையும், 'இன்னார் வீட்டில் வாங்கியது' என்று வைக்கும்போதே சொல்லிவிடுகிறேன். நீங்களும் சொல்லிவிடுங்கள். பாத்திரம் மாற்றுவது தவறில்லை, மறைப்பதுதான் தவறு.

இனி, பதில் சொல்ல வேண்டியவை எவை என்பதைப் பார்ப்போம். முதலாவது, உள்ளே என்ன இருக்கிறது என்பது. நம் பகுதியில் பல சமயத்தாரும் பல வழக்கத்தாரும் ஒரே பந்தியில் அமர்கிறோம்: செவ்வாய், வெள்ளி கவிச்சி தொடாதவர்கள், தவக்காலத்தில் இறைச்சி விலக்குபவர்கள், ஹலால் முறைப்படி அறுத்ததைத் தவிர வேறு உண்ணாதவர்கள், முட்டையும் சேர்க்காதவர்கள். பார்வைக்குச் சைவமாகத் தோன்றி உள்ளே வேறாக இருக்கும் பண்டங்கள் நம்மிடம் அதிகம். வட்டலப்பத்தைக் கண்டால் கருப்பட்டிப் பாயசம் இறுகியது போலத்தான் இருக்கும். ஆனால் அது தேங்காய்ப்பாலும் கருப்பட்டியும் முட்டையும் சேர்த்து ஆவியில் வேகவைத்தது. பிரியாணியோடு கடைக்காரர் கட்டிக் கொடுக்கும் தாளிச்சாவில் பருப்பு, கத்திரிக்காய், மாங்காய் எல்லாம் மிதக்கும். பல கடைகளில் ஆட்டெலும்பும் அதில் சேர்ந்தே வேகிறது. எங்கள் விருந்து ஒன்றில் முட்டை தொடாத ஒரு முதியவர் வட்டலப்பத்தை இரண்டு கரண்டி இலையில் இட்டுக்கொண்ட பிறகுதான் ஒரு சிறுமி சொன்னாள். அவர் கோபிக்கவில்லை, இலையை மட்டும் மெதுவாக மடித்தார். வாங்கிவந்தவர் தமக்கும் தெரியாது என்றார். அதுதான் எனக்கு வருத்தமாக இருந்தது; கடையில் நின்றபோது ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

எண்ணெயைப் பற்றியும் கேளுங்கள். கடலோரக் கடைகளில் இறால் பொரித்த சட்டியிலேயே வாழைக்காய் பஜ்ஜியும் போடுவது உண்டு. சைவம் உண்பவர்களுக்காக மட்டும் இதைச் சொல்லவில்லை. இறால், நண்டு ஒவ்வாமை உள்ளவர்களுக்கு அந்த எண்ணெயே தொண்டை வீங்கப் போதுமானது. முந்திரி, நிலக்கடலை ஒவ்வாதவர்களும் இருக்கிறார்கள். கடைக் குருமாவில் முந்திரி அரைத்து ஊற்றுவது வழக்கம்.

பொட்டலமாக வரும் பண்டமானால் பதில் அட்டையிலேயே அச்சாகியிருக்கும். பச்சைச் சதுரத்துக்குள் பச்சை வட்டம் இருந்தால் சைவம். பழுப்புச் சதுரத்துக்குள் பழுப்பு முக்கோணம் இருந்தால் அசைவம், முட்டை சேர்ந்ததும் இதில் அடங்கும். உரிம எண் 14 இலக்கம் கொண்டதாக இருக்கும். சேர்மானப் பட்டியல், தயாரித்த நாள், எந்த நாளுக்குள் உண்ண வேண்டும் என்பது எல்லாம் உண்டு. இதற்காகவே நான் எங்கள் விருந்தில் ஒரு வழக்கம் வைத்திருக்கிறேன்: பண்டத்தைத் தட்டில் பரப்பினாலும், விருந்து முடிந்து கடைசி ஆள் கை கழுவும் வரை அட்டைப்பெட்டியைத் தூக்கி எறியக் கூடாது, தட்டுக்கு அடியிலேயே வைத்திருக்க வேண்டும்.

இரண்டாவது, எப்போது ஆக்கியது என்பது. இதை நான் கூடுதலாக வலியுறுத்துவேன். சமைத்த உணவு 5 பாகை செல்சியசுக்கும் 60 பாகைக்கும் இடைப்பட்ட வெப்பத்தில் இருக்கும்போதுதான் நுண்ணுயிரிகள் விரைந்து பெருகுகின்றன. சாதாரண அறை வெப்பத்தில் 2 மணி நேரத்துக்கு மேல் வைக்கலாகாது. 32 பாகைக்கு மேற்பட்ட வெக்கையில் 1 மணி நேரமே கணக்கு. சித்திரை, வைகாசியில் நம் கரையில் பொழுது சாய்ந்த பிறகும் புழுக்கம் தணிவதில்லை என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை. வீட்டில் சமைத்தவருக்கு இறக்கிய நேரம் தெரியும். கடையில் ஒரு மணிக்கு இறக்கிய பிரியாணியை ஆறு மணிக்கு வாங்குபவருக்கு, கேட்டால்தான் தெரியும். வீட்டுக்கு வந்து சூடு பண்ணிவிட்டால் போதும் என்று எண்ணாதீர்கள். நெடுநேரம் வெளியில் இருந்த சோற்றில் பெருகும் ஒருவகை நுண்ணுயிரி விடும் நஞ்சு மறுபடியும் கொதிக்கவைத்தாலும் அழிவதில்லை.

ஒரு சித்திரை மாத விருந்தில் ஒருவர் மாலை நான்கு மணிக்கே இட்லியும் தேங்காய்ச் சட்னியும் வாங்கி வைத்துவிட்டார். இரவு எட்டரைக்கு நான்தான் சட்னிப் பொட்டலத்தை எடுத்தேன். கட்டும்போது தளர்ந்திருந்த பை உப்பி, முடிச்சுக்குக் கீழே விம்மிக்கொண்டிருந்தது. அவிழ்த்ததும் ஓரத்தில் சிறு சிறு குமிழிகள், கள் போன்ற புளிப்பு வாடை. இட்லி நன்றாகவே இருந்தது. சட்னியைக் கொட்டிவிட்டு, வீட்டிலிருந்த இட்லிப் பொடியை நல்லெண்ணெயில் குழைத்து வைத்தோம். வாங்கிவந்தவர் மனம் நோகாதபடி இதைச் செய்ய வேண்டியிருந்ததுதான் பெரும்பாடு. தேங்காய்ச் சட்னி, தேங்காய்ப்பால், தயிர்ப் பச்சடி ஆகிய மூன்றையும் வாங்கிக்கொண்டு போகாதீர்கள். வீட்டில் பரிமாறும் நேரத்தில் செய்துகொள்ளுங்கள்.

மீனுக்குத் தனியாக ஒரு சொல். நம் கரையில் மீன் வறுவல் இல்லாத விருந்து நிறைவதில்லை. ஆனால் ஆண்டுதோறும் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள்கள் விசைப்படகுகள் கடலுக்குப் போவதில்லை. நாட்டுப்படகு மீன் மட்டுமே கரைக்கு வரும்; அது கொஞ்சம்தான், விலையும் ஏறிவிடும். அந்த நாள்களில் கடை வறுவல் பனிக்கட்டியில் பல நாள் கிடந்த மீனாக இருக்கக்கூடும். அதிலும் சூரை, கானாங்கெளுத்தி போன்ற மீன்கள் பிடித்தவுடன் குளிரில் வைக்கப்படாவிட்டால், அவற்றில் ஹிஸ்டமின் என்னும் பொருள் சேர்ந்துவிடும். அது பொரித்தாலும் போகாது. உண்ட சிறிது நேரத்தில் முகம் சிவந்து, வாய் எரிந்து, உடம்பெல்லாம் தடிக்கும். தெரிந்த கடை, அன்றைய மீன், கண்முன்னே பொரித்தது என்ற மூன்றும் இருந்தால் வாங்குங்கள். ஒன்று குறைந்தாலும் அந்த மாதம் மீன் வேண்டாம்.

எதில் வாங்குவது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். வீட்டிலிருந்து தூக்குச்சட்டியும் மூடியுள்ள எவர்சில்வர் பாத்திரமும் கொண்டுபோங்கள். ஒருமுறை பயன்படுத்தி எறியும் பிளாஸ்டிக் பைகளுக்குத் தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் தடை இருக்கிறது; கொதிக்கும் சால்னாவைப் பையில் ஊற்றுவது உடம்புக்கும் ஆகாது. வடை, பஜ்ஜியைச் செய்தித்தாளில் கட்டினால் அச்சு மை எண்ணெயில் ஊறி இறங்கும். அதற்கும் சட்டத்தில் அனுமதியில்லை. பாத்திரத்தின் அடியில் வாழையிலை விரித்து வாங்கிக்கொள்ளுங்கள்.

உங்கள் புரோட்டாவுக்கு வருகிறேன். அதில் தேர்வுதான் பிசகியது என்பது என் கருத்து. புரோட்டா கல்லிலிருந்து எடுத்து, அடித்து உதிர்த்த சூட்டில் உண்ண வேண்டிய பண்டம். ஒரு மணி நேரம் மூடிவைத்தால் வேர்த்து, பிறகு தோல்போல இழுக்கும். சிறுவர்களுக்குக்கூடப் பிய்க்க வராது. அந்தப் பெரியவர் கடையைக் குறை சொன்னதில் ஒரு பாதி அந்த இழுத்த புரோட்டாவுக்காகவும் இருக்கலாம். பயணத்தையும் காத்திருப்பையும் தாங்கும் பண்டங்களை வாங்குங்கள். இடியாப்பம் தாங்கும்; ஈரத்துணி போட்டு மூடிவைத்தால் நெகிழ்வு மாறாது. தொதல், ஓட்டுமாவு, முறுக்கு, கருப்பட்டி மிட்டாய் ஆகியவற்றுக்கு எந்த அவசரமும் இல்லை. கோடையில் சாயல்குடிப் பக்கத்துப் பனைகளின் நுங்கு சாலையோரம் எங்கும் கிடைக்கும். அதை வாங்கித் தோல் உரித்துக் குளிரவைத்துக் கொண்டுபோனால் கறி விருந்துக்குப் பிறகு அதைவிட வரவேற்புப் பெறுவது வேறில்லை. ஆனால் அன்றே வெட்டியதாக இருக்க வேண்டும்.

அளவு குறித்துப் பலரும் தடுமாறுகிறார்கள். இருபது பேர் வரும் விருந்தில் பத்து வகை உணவு இருந்தால், ஒவ்வொருவரும் ஒவ்வொன்றிலும் இரண்டு கரண்டிதான் எடுப்பார்கள். ஆகையால் இருபது பேருக்கும் முழுச் சாப்பாடு வாங்கத் தேவையில்லை. ஒரு கிலோ தொதலை 50 கிராம் துண்டுகளாகப் போட்டால் இருபது துண்டு; அது போதும். ஒரு கிலோ அரிசி போட்ட பிரியாணி, தனி உணவாக எட்டுப் பத்துப் பேருக்கு வரும் என்பதால், பந்தியில் மற்றவற்றோடு வைக்கும்போது இருபது பேரும் தாராளமாகச் சுவைக்கலாம்.

இப்போது அந்த மூத்த பெண்மணியைப் பற்றி. அவரை நான் அறியேன்; ஆனால் அவரைப் போன்றவர்களை நன்றாக அறிவேன். விருந்து நாளன்று விடியற்காலை எழுந்து, முண்டு மிளகாய் வறுத்து, அம்மியிலோ மிக்சியிலோ மசாலா அரைத்து, பகல் முழுவதும் அடுப்படியில் நின்று இருபது பேருக்குக் கறி ஆக்கிக் கொண்டுவருபவர், பக்கத்தில் ஒருவர் இரண்டு சிப்ஸ் பொட்டலத்தை உடைத்துக் கொட்டிவிட்டு அமர்வதைப் பார்த்தால் மனம் பொறுக்காது. அந்தக் குறை நியாயமானது. பலர் முன்னிலையில் சொன்னதுதான் நியாயமில்லை. உழைப்பு ஒரு சிலர் தலையிலேயே விழாமல் பார்த்துக்கொள்வது விருந்தை நடத்துபவரின் வேலை. எங்கள் தெருவில், வாங்கி வருகிறவர்கள் முன்னதாக வந்து இலை விரிப்பதும், முடிந்த பிறகு பெரிய பாத்திரங்களைத் தேய்த்துக் கொடுப்பதும் என்று வைத்திருக்கிறோம். நிலத்தடி நீர் உவர்த்துக் கிடக்கும் இந்தக் கரையில், இரண்டு கேன் நல்ல தண்ணீர் சுமந்து வருபவரையும் ஒரு பண்டம் கொண்டுவந்தவராகவே கணக்கில் எடுக்கிறோம். கையில் காசில்லாத மாதமும் எல்லோருக்கும் வரும் அல்லவா? அப்படிப்பட்டவர் விருந்துக்கு வராமலே இருந்துவிடாதபடி இந்த வழி காக்கிறது.

வாங்கிவந்தது ஏன் என்று எவரையும் பலர்முன் கேட்கக் கூடாது என்பதற்கு இன்னொரு காரணமும் உண்டு. பல ஆண்டுகளுக்கு முன்பு, எங்கள் தெருவுக்குப் புதிதாகக் குடிவந்த ஒரு பெண் நண்டுக் குழம்பு வைத்துக் கொண்டுவந்தார். மூடியைத் திறந்தபோதே மிளகும் பூண்டுமாக மணத்தது. விருந்து முடிந்தபோது மற்ற பாத்திரங்கள் எல்லாம் வழித்துக் காலியாகியிருக்க, அந்தக் குழம்பு மட்டும் ஆடை படர்ந்து, வைத்த கரண்டி வைத்தபடி இருந்தது. அவர் எந்தச் சாதி என்பதை விசாரித்து அறிந்தவர்கள் அந்தப் பக்கம் போகவில்லை. விசாரிக்காதவர்கள் மற்றவர்களைப் பார்த்து விலகினார்கள். நான் எடுத்துண்டேன், ஆனால் ஒருத்தி உண்டால் அந்த அவமானம் தீருமா? அடுத்த மாதம் முதல் அவர் பேக்கரி பிஸ்கட் வாங்கிவரத் தொடங்கினார். அதை எல்லோரும் எடுத்தார்கள். "இவளுக்கு அடுப்பு மூட்டவே சோம்பல்" என்று ஒருவர் சொன்னதும் என் காதில் விழுந்தது. அவர் வீடு மாற்றிக்கொண்டு போகும் வரை வீட்டில் சமைத்த எதையும் எங்கள் பந்திக்குக் கொண்டுவரவே இல்லை. கடைப் பொட்டலத்தோடு வருபவரைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த நண்டுக் குழம்பு நினைவுக்கு வருகிறது. ஆகவே, வைக்கப்பட்ட எல்லாப் பாத்திரத்திலிருந்தும் முதல் கரண்டியை நானே எடுத்துப் பந்தியைத் தொடங்குவது என்று அதற்குப் பிறகு வைத்துக்கொண்டேன்.

வரும் சனிக்கிழமைக்கு நான் சொல்வது இதுதான். வெள்ளிக்கிழமை மாலையே, உங்கள் பக்கம் இடியாப்பம் அவித்துக் கொடுக்கும் ஒரு வீட்டிலோ கடையிலோ ஐம்பது இடியாப்பத்துக்குச் சொல்லிவைத்து, ஏழு மணிக்குத் தரும்படி கேளுங்கள். சனிக்கிழமை வேலையிலிருந்து வந்ததும் இரண்டு தேங்காய் துருவிப் பால் எடுத்து, ஏலக்காய் தட்டிப்போட்டு, கருப்பட்டியைக் காய்ச்சி வடித்துத் தனிக் கிண்ணத்தில் வையுங்கள். அரை மணி நேர வேலைதான். பாலை முன்கூட்டியே எடுத்து வைக்க வேண்டாம். பரிமாறும்போது, இடியாப்பம் யார் அவித்தது, பால் எப்போது எடுத்தது என்று சொல்லியே வையுங்கள். அந்த அம்மாவின் இலைக்கு நீங்களே போய், "அக்கா, தேங்காய்ப்பால் நான் எடுத்தது, இனிப்பு சரியாயிருக்கான்னு பாருங்க" என்று கேட்டு ஊற்றுங்கள். அவர் கொண்டுவந்த கறி எப்படி வைத்தது என்றும் கேட்டுவிட்டு வாருங்கள்.